இரவல் போன ஹார்பன்

அத்தியாயம் ஐந்து

"என்ரை புத்தகங்களை ஆரோ களவெடுக்கிறான்" என்றார் தபோதரன் சேர்.

பவளம் அக்கா தேநீர்க் கோப்பையைக் கீழே வைக்காமலே கேட்டார். "எங்கையிருந்து?"

"யுனிவர்சிற்றி லைப்ரரியிலை இருந்து."

"திருப்பிக் கொண்டந்து வைக்கிறானோ?"

"ஓம். ஒவ்வொரு முறையும்."

நான் தொண்டையைச் செருமினேன். "சேர், அதுக்குப் பேர் களவில்லை. இரவல்."

அக்கா என்னைப் பார்த்த பார்வையில் தேநீர் ஆறிவிட்டது.

நான் நிருஜன். ஜெர்மனியின் எர்லாங்கனில் ஒரு தமிழ்க் கடைக்கு மேலே, பனங்கிழங்கு ஒடியல் மா மணக்கும் இரண்டு அறைகளில் இயங்கும் பவளம் துப்பறியும் நிலையத்தின் ஒரே உதவியாளன். படிப்பைப் பாதியில் விட்டவன் என்று அம்மா சொல்வார். இடைவேளை என்று நான் சொல்வேன். பவளம் அக்கா முன்பு இன்சூரன்ஸ் கம்பனி ஒன்றில் பொய்க் கோரிக்கைகளைப் பிடித்துக்கொண்டிருந்தவர். ஆட்கள் சொல்வதைவிட, சொல்லும் வேகத்தைத்தான் அவர் அதிகம் கவனிப்பார்.

தபோதரன் சேர் வரலாற்றுப் பேராசிரியராக இருந்து ஓய்வு பெற்றவர். எண்பதுகளில் யாழ்ப்பாணத்திலிருந்து அகதியாக வந்தவர், யாரும் எதிர்பாராத விதமாக, அமெரிக்க அரசியல் வரலாற்றில் போய் விழுந்துவிட்டார். ஜெர்மன் மொழியில் நான்கு புத்தகங்கள். முதல் மூன்றும் ஒஹாயோ மாநிலத்தின் ஆளுநர் தேர்தல்கள், கட்சித் தரகர்கள், மாவட்ட நீதிமன்றங்கள் பற்றியவை. தலையணைத் தடிப்பு. நான்காவது மெல்லியது. ஹார்பன் என்ற ஒரே ஒரு சிறுநகரத்தின் கதை.

எங்கள் ஆட்களின் வீடுகளில் கலியாணப் படம் தொங்கும் இடத்தில் இவர் வீட்டில் ஹார்பனின் வீதி வரைபடம் தொங்கியது. சாப்பாட்டு மேசைக்கு இரண்டு கதிரைகள். இரண்டாவதில் புத்தகங்கள் குந்தியிருந்தன. நாங்கள் வந்தபோது அவற்றை எங்கே வைப்பது என்று தெரியாமல் சேர் சற்று நேரம் கையில் தூக்கிக்கொண்டு நின்றார். யாரும் வராத வீட்டுக்கு, வந்தவரை இருத்தும் பழக்கம் விட்டுப்போயிருந்தது.

"ஏன் சேர், ஹார்பன்?" என்று கேட்டேன்.

"அங்கை முதல் போய்க் குடியேறினது இந்தப் பக்கத்து ஜெர்மன்காரர். கையிலை ஒண்டுமில்லாமல், பாசை தெரியாமல் போன சனம். ஒரு பரம்பரைக்குள்ளை நகரசபையைப் பிடிச்சிட்டுது. எப்பிடிப் பிடிச்சுது? அதுதான் என்ரை கேள்வி." சொல்லும்போது அவர் முகம் இருபது வயது குறைந்தது. பிறகு திரும்பவும் கூடியது. "இப்ப கடையளிலை ஒண்டும் வாங்கேலாது. பதிப்பு முடிஞ்சுது. லைப்ரரியிலை மட்டும் ஒவ்வொரு பிரதி இருக்கு."

ஒவ்வொரு நாள் காலையும் தேநீரோடு அவர் நூலகத்தின் இணையப் பட்டியலைத் திறந்து தன் புத்தகங்களைப் பார்ப்பாராம். வருடம் முழுக்க நான்கும் 'இருப்பில் உள்ளது' என்று பச்சையாக நிற்கும். இலையுதிர் காலத்தில் மட்டும் நான்கும் ஒன்றாகச் சிவப்பாகும். கொஞ்ச நாளில் திரும்பிவிடும்.

"நேற்று வந்திட்டுது. ஆரெண்டு எனக்குத் தெரியும். றெஜினோல்ட். என்னட்டைப் படிச்சவன். செமெஸ்ரர் துவங்கேக்கை எடுக்கிறான், என்ரை தரவுகளை உருவுறான், வைக்கிறான். இப்ப சிறுநகர அரசியலைப் பற்றிப் புத்தகம் எழுதுறானாம். நாளைக்கு அவனுக்கு இஞ்சை விரிவுரையாளர் வேலைக்கு நேர்முகம். அதுக்கு முதல் தெரிவுக் குழுவுக்கு என்ரை மெயில் போகும். எழுதி வைச்சிட்டன். ஆதாரம்தான் வேணும்."

"நாங்கள் கொண்டு வராட்டில்?" அக்கா கேட்டார்.

"ஆதாரமில்லாமலே போகும்."

அக்கா கோப்பையைக் கீழே வைத்தார். "ஒவ்வொரு வருசமும் ஒரே நேரத்திலையோ எடுக்கிறான்?"

"கிட்டத்தட்ட. போன வருசம் ஒக்ரோபர் துவக்கம். முந்தின வருசம் ஒக்ரோபர் நடுவிலை. இந்த வருசம் செப்ரெம்பரிலையே தூக்கிட்டான். அவசரம்."

"நீங்கள் ஒருக்காலும் போய்ப் பாக்கேல்லையோ?"

"என்ரை புத்தகத்தை நானே போய்த் தடவிக்கொண்டு நிக்கிறதோ? ஆரும் கண்டால் என்ன நினைப்பினம்?"

"சேருக்கு இஞ்சை ஆர் இருக்கினம்?"

"ஒருத்தருமில்லை."

படியிறங்கும்போது அக்கா சொன்னார். "கேள்வி முடிய முதல் பதில் வந்தது கவனிச்சனியோ?"

"தனிய இருக்கிற மனுசன், அக்கா. ஆரும் கேள்வி கேக்கமாட்டினமோ எண்டு பாத்துக்கொண்டிருந்திருப்பார்."

அக்கா சைக்கிள் பூட்டைத் திறந்தார்.

*

நூலகத்தில் எங்களுக்குக் கிடைத்த அதிகாரி திருமதி ஹோல்ட்ஸ். இரவல் எடுத்தவர் யார் என்று கேட்டதும் அந்த அம்மாவின் முகம் மூடிய கதவாகியது.

"தரவுப் பாதுகாப்பு."

"பெயர் வேண்டாம். முதலெழுத்து மட்டும்?" என்றேன், என் மிகச் சிறந்த ஜெர்மனில்.

"முதலெழுத்தும் தரவுதான்."

"ஆணா பெண்ணா?"

"தம்பி, நீங்கள் கேள்வி கேட்பதே இப்போது தரவாகிக்கொண்டிருக்கிறது."

ஆனால் புத்தகங்கள் திறந்த அடுக்கில்தான் இருந்தன. யாரும் எடுத்துப் பார்க்கலாம். இரண்டாம் மாடியில், வெப்பமூட்டி மட்டும் முனகிக்கொண்டிருக்கும் ஒரு மூலையில், நான்கும் தோளோடு தோள் நின்றன. இரண்டு பக்கமும் வேறு யாருடைய புத்தகமும் இல்லை.

தலையணைகள் மூன்றும் சுத்தம். ஹார்பனின் மேலட்டையில் மட்டும், மேல் மூலையில், துடைத்தும் போகாத ஒரு மஞ்சள் கறை. நடுவில் ஊசிமுனை அளவு சிவப்பு.

எங்களைக் கண்காணிக்கக் கூடவே வந்த திருமதி ஹோல்ட்ஸ் கவலைப்பட்டார். "பூஞ்சையாக இருக்குமோ?"

"கறி" என்றேன் தமிழில். "மஞ்சளும் மிளகாய்த்தூளும். கள்ளன் புட்டுச் சாப்பிட்டுக்கொண்டு வாசிச்சிருக்கிறான்."

அக்கா புத்தகத்தை மூக்கருகே கொண்டுபோனார். "மணந்து பார்."

"அக்கா, நான் லைப்ரரியிலை ஒரு புத்தகம் வாசிச்சதே இல்லை. எடுத்தவுடனை மணக்கச் சொல்லுறியள்."

"மணந்து பாரடா."

மணந்தேன். கறி இல்லை. கோயில்.

"சந்தனம்" என்றேன். "அப்ப சிவப்பு குங்குமம்."

"ம். மற்ற மூண்டிலையும் ஏன் இல்லை?"

"அடுக்கி வைச்சிருக்கினம். இது மேலை இருந்தது."

"இப்ப சொல்லு. செமெஸ்ரர் எப்ப துவங்கும்?"

"ஒவ்வொரு வருசமும் ஒக்ரோபர் நடுவிலை."

"அது அசையாது. சேரின்ரை கள்ளன் அசையிறான். முந்தின வருசம் நடுவிலை, போன வருசம் துவக்கத்திலை, இந்த வருசம் செப்ரெம்பர். வருசா வருசம் இடம் மாறுறது எது?"

"ஈஸ்டர்?"

"இலையுதிர் காலத்திலையோ?"

"நவராத்திரி!" நான் போட்ட சத்தத்தில் தூரத்தில் ஒரு மாணவி தலையை உயர்த்தினாள். திருமதி ஹோல்ட்ஸ் உதட்டில் விரல் வைத்தார். நான் குரலைத் தாழ்த்தினேன். "சரஸ்வதி பூசை. அக்கா, ஆரோ ஒஹாயோ மாவட்ட நீதிமன்றங்களைச் சரஸ்வதிக்கு முன்னாலை அடுக்கியிருக்கினம்!"

எங்கள் வீட்டிலும் நடப்பதுதான். பட்டுத் துணி விரித்து, புத்தகங்களை அடுக்கி, சந்தனம் குங்குமம் வைத்துவிட்டால் அன்றைக்கு அவற்றைத் தொடக்கூடாது. அடுத்தநாள் விசயதசமிக்கு எடுத்து ஒரு பக்கமாவது வாசிக்க வேண்டும். ஒருநாள் படிப்பில்லை என்பதற்காகச் சின்ன வயதில் நான் ஜெர்மன் அகராதியையும் கணக்குப் புத்தகத்தோடு சேர்த்து அடுக்கியிருக்கிறேன்.

"உன்ரை கார்ட்டிலை இதை எடு" என்றார் அக்கா.

"ஏன் என்ரை கார்ட்டிலை?"

"நீ இன்னும் மாணவன் எண்டு நம்பிக்கொண்டிருக்கிறது இந்த லைப்ரரி மட்டும்தான்."

*

றெஜினோல்ட்டைப் பல்கலைக்கழக உணவகத்தில் பிடித்தோம். முப்பத்தைந்து வயது. இஸ்திரி போட்ட சட்டை, கழுத்தில் மெல்லிய சிலுவை, முன்னால் தொடாத சூப். நாளைய நேர்முகத்துக்கான உரையை உதட்டுக்குள் ஒப்புவித்துக்கொண்டிருந்தான்.

அக்கா சுற்றி வளைக்கவில்லை. "தபோதரன் சேரின்ரை புத்தகங்களை லைப்ரரியிலை எடுக்கிறனீங்களோ?"

அவன் சிரித்தான். "என்னத்துக்கு, அக்கா? நாலையும் ஸ்கான் பண்ணினது நான்தான். சேர் வேலையிலை இருக்கேக்கை, அவர் கேட்டு. என்ரை போனிலையே கிடக்கு. நான் களவெடுக்கிறதெண்டால் கட்டிலிலை படுத்துக்கொண்டு களவெடுப்பன்."

"யாழ்ப்பாணத்திலை குருநகரோ நீங்கள்?"

"ஓம். எப்பிடித் தெரியும்?"

"சும்மா கேட்டனான். நவராத்திரி கொண்டாடுவீங்களோ?"

"இதை அம்மா கேட்டால் என்னைப் பங்குத் தந்தையிட்டை இழுத்துக்கொண்டு போவா." சிரிப்பு மெல்ல நின்றது. "சேர் என்னைச் சொல்லுறாரோ?"

அக்கா மெல்லத் தலையசைத்தார். அதுவே அவனுக்குப் போதுமாக இருந்தது. சூப்பைத் தள்ளிவைத்தான்.

"மார்கழியோடை என்ரை ஒப்பந்தம் முடியுது. நாளைக்குச் சரிவராட்டில் இந்தத் துறையிலை எனக்கு இனி இடமில்லை. அது பரவாயில்லை. ஆனா அக்கா, என்ரை முன்னுரையிலை முதலாவது பேர் அவரின்ரைதான். ரெண்டு வருசமா ஃபோன் எடுத்தால் எடுக்கிறாரில்லை. ஏனெண்டு யோசிச்சு யோசிச்சு..." முடிக்காமல் விட்டான்.

"ஒண்டு சொல்லுங்கோ" என்றார் அக்கா. "பூசையிலை ஆரும் ஊர்ப்பட்டவையின்ரை புத்தகத்தை வைக்கமாட்டினம். தன்ரையை வைப்பினம், பிள்ளையின்ரையை வைப்பினம், தேப்பன்ரையை வைப்பினம். சேருக்கு ஆர் இருக்கினம்?"

"மகள். சாரங்கா. ஃபூர்த்திலை மூக்குக்கண்ணாடிக் கடை வைச்சிருக்கிறா. ஏன், சேர் சொல்லேல்லையோ?"

நான் அக்காவைப் பார்த்தேன். அக்கா எழுந்துவிட்டிருந்தார்.

*

பக்கத்து நகரமான ஃபூர்த்துக்கு எஸ்-பான் ரயிலில் கொஞ்ச நேரம்தான். ஹார்பனின் முதல் பக்கத்தைப் படித்தேன். பனியில் வந்திறங்கிய பதினொரு குடும்பங்கள், ஊர்ப்பெயரைக்கூடச் சரியாகச் சொல்லத் தெரியாதவை. பெட்டியில் என்னைச் சுற்றி எல்லோர் காதிலும் ஏதோ செருகியிருந்தது. அம்மாவின் தவறிய அழைப்பு இரண்டு கைபேசியில் கிடந்தது. இறங்கிய பிறகு எடுக்கலாம் என்று நினைத்தேன். எடுக்கவில்லை.

கடையில் வாடிக்கையாளர் யாருமில்லை. நாற்பதை நெருங்கும் ஒரு பெண் கண்ணாடிச் சட்டங்களைத் துணியால் துடைத்துக்கொண்டிருந்தார். அக்கா வணக்கம்கூடச் சொல்லாமல் ஹார்பனை மேசையில் வைத்தார்.

சாரங்கா அதைத் தொடவில்லை. "வடிவாத் துடைச்சனானே" என்றார்.

துப்பறியும் தொழிலில் இவ்வளவு விரைவான வாக்குமூலத்தை நான் கண்டதில்லை. கொஞ்சம் ஏமாற்றமாகக்கூட இருந்தது.

"துடைச்சது போதாது" என்றார் அக்கா. "தேப்பன்ரை புத்தகத்தை ஏன் லைப்ரரியிலை எடுக்கிறீங்கள்?"

"என்னட்டை இல்லையே. மற்றது மூண்டும் சின்னனிலை வீட்டிலை கிடந்தது. அப்பா பூசைக்கு நிக்கமாட்டார், ஆனா தன்ரை புத்தகத்தை அடுக்கிலை வைச்சதோ எண்டு எட்டிப் பாப்பார்." சிரிப்பு வந்து பாதியில் திரும்பிப் போனது. "இது பிறகு வந்தது. இது வரேக்கை நாங்கள் கதைக்கிறதில்லை. எட்டு வருசம்."

"என்ன நடந்தது?"

"என்ரை கலியாணமும் ஹார்பனின்ரை இருநூறாவது ஆண்டு விழாவும் ஒரே சனிக்கிழமை. அவரைப் பேச்சாளராக் கூப்பிட்டவை. ஒரு ஊர் தன்ரை வரலாற்றைச் சொல்ல ஒரு அகதியைக் கூப்பிடுது, சாரங்கா, இது ஒருக்கால்தான் வரும் எண்டார்." துணியை மடித்தார். "என்னதும் ஒருக்கால்தான் வந்தது."

"அதையோ மேலை வைக்கிறீங்கள்?" என்று கேட்டேன்.

"என்ரை இடத்தை எடுத்த ஊர். எப்பிடிப்பட்ட ஊரெண்டு பாக்க வேண்டாமோ? விசயதசமியண்டு ஒரு பக்கம் வாசிப்பன். ரெண்டாம் பக்கம் போனால் கோவம் வந்திடும். மூடி வைச்சிடுவன். இப்ப எட்டுப் பக்கம் முடிஞ்சுது."

"உங்கடை அவரும் வாசிக்கிறவரோ?"

"அவர் இப்ப இல்லை. பிரிஞ்சு நாலு வருசம். அப்பாவுக்குத் தெரியாது. வராத கலியாணம் முடிஞ்சுபோச்செண்டு போய்ச் சொல்லுறதோ?"

இந்த இடத்தில் ஒரு பகிடி விட்டால் எல்லோருக்கும் இலேசாக இருக்கும் என்று தேடினேன். ஒன்றும் கிடைக்கவில்லை.

அக்கா விடயத்தைச் சொன்னார். காலைப் பட்டியல், பச்சை, சிவப்பு, கள்ளன், றெஜினோல்ட், மெயில். கேட்கக் கேட்க சாரங்காவின் கை துணியை இறுக்கியது.

"அக்கா, நான் எண்டு சொல்லாதேங்கோ."

"நீங்கள் செய்ததிலை பிழையில்லையே."

"அதுக்கில்லை. வருசத்திலை ஒருக்கால் ஆரோ ஒருத்தன் தன்னை விழுந்து விழுந்து வாசிக்கிறான் எண்டு அப்பா நினைக்கிறார். கள்ளன் எண்டாலும் வாசகன்தானே. அது நான் எண்டு தெரிஞ்சால், பூசையிலை வைச்சு எடுத்தது எண்டு தெரிஞ்சால், ஒருத்தருமே வாசிக்கேல்லை எண்டெல்லோ அவருக்குத் தெரிஞ்சிடும்."

கடைக்கு வெளியே ஒரு ட்ராம் இருந்தால் அப்போது போயிருக்கும். ஃபூர்த்தில் ட்ராம் இல்லை. எதுவும் போகவில்லை.

"உங்கடை பேரை நான் சொல்லமாட்டன்" என்றார் அக்கா கடைசியாக. "ஆனா அந்தப் பெடியனையும் கைவிடேலாது."

*

நாங்கள் திரும்பி வந்தபோது பின்னேரம் மங்கத் தொடங்கியிருந்தது. சேர் கதவைத் திறந்த வேகத்தில், அவர் கதவுக்குப் பின்னாலேயே நின்றிருக்க வேண்டும் என்று தெரிந்தது.

"றெஜினோல்ட்தானே?"

"இல்லை, சேர்."

"அவன் உங்களை ஏமாத்திப்போட்டான். செமெஸ்ரர்..."

"செமெஸ்ரர் அசையாது. உங்கடை கள்ளன் ஒவ்வொரு வருசமும் அசையிறான்." அக்கா ஹார்பனை மேசையில் வைத்தார். "ஆரெண்டு சொல்லமாட்டனெண்டு வாக்குக் குடுத்திட்டன். நீங்கள்தானே வரலாற்றாசிரியர். மூலத்தை நீங்களே பாருங்கோ. மணந்தும் பாருங்கோ."

சேர் முதலில் கறையைப் பார்த்தார். கண்ணாடியைக் கழற்றிவிட்டுப் பார்த்தார். பிறகு புத்தகத்தை முகத்துக்கு அருகே கொண்டுபோனார். அப்படியே நின்றார். நான் வரைபடத்தில் ஹார்பனின் வீதிப் பெயர்களை வாசிக்க முயன்றேன்.

"இதைத்தான் மேலை வைச்சவளோ?" என்றார், புத்தகத்துக்குள் இருந்து.

அக்கா யன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

"அப்ப ஒருத்தரும் தரவு எடுக்கேல்லை. ஒருத்தரும் உருவேல்லை." கதிரையில் இருந்தார். "ஒருத்தரும் வாசிக்கேல்லை."

அந்தக் குரலை என்னால் தாங்க முடியவில்லை. "எட்டுப் பக்கம் வாசிச்சிட்டா, சேர்" என்று வாய் முந்திவிட்டது. "வருசத்துக்கு ஒண்டு. விசயதசமிக்கு." அக்காவின் காலணி என் கணுக்காலைத் தேடி வந்து சேர்ந்தது. பெயரை நான் சொல்லவில்லை என்று பிறகு வாதாடலாம் என்று நினைத்துக்கொண்டேன்.

"எட்டு?"

"எட்டு முடிஞ்சுதாம்."

சேர் மடிக்கணினியை இழுத்தார். தெரிவுக் குழுவுக்கு எழுதியிருந்த மெயில் திரையில் நின்றது. நீளமான மெயில். ஒருமுறை மேலிருந்து கீழே ஓட்டிப் பார்த்துவிட்டு அழித்தார். "நாளைக்கு எத்தினை மணிக்கு அவனுக்கு நேர்முகம்? அதுக்கு முதல் ஒருக்கால் எடுத்துக் கதைக்க வேணும்" என்றார், யாரிடமும் இல்லாமல். பிறகு ஹார்பனைத் திறந்து பக்கங்களைப் புரட்டினார். திடீரென்று விரல் நின்றது.

"ஐயோ."

"என்ன சேர்?"

"பத்தாம் பக்கம். முதல் மேயர் ஹார்பனிலை பிறந்தவரெண்டு எழுதிப்போட்டன். பிழை. புத்தகம் வந்தாப் பிறகுதான் தெரிஞ்சுது. அந்த மனுசன் பிறந்தது ஃபூர்த்திலை. ஞானஸ்நானப் பதிவு அங்கை ஒரு தேவாலயத்திலை கிடக்குதாம். நான் ஒருக்காலும் போய்ப் பாக்கேல்லை."

ஒஹாயோவுக்கு இவர் எத்தனை தடவை போயிருப்பார் என்று கேட்க வாய் வந்தது. அக்காவின் காலணி ஞாபகம் வந்தது.

"இந்தப் பிழையோடை அவள் வாசிக்கக் கூடாது" என்றார் சேர். பிறகு கணக்குப் பார்த்தார். முகம் மெல்லத் தளர்ந்தது. தப்ப ஒரு வழி கண்டவரைப்போல. "ஆனா பத்தாம் பக்கத்துக்கு வர இன்னும் ரெண்டு வருசம் இருக்கு. அதுக்குள்ளை ஆறுதலாய்..."

"உங்களுக்கு இருக்கோ, சேர்?" என்றார் பவளம் அக்கா.

சேர் புத்தகத்தை மூடினார். எழுந்தார். கதவோரம் போய், சுவரைப் பிடித்துக்கொண்டு சப்பாத்துக்குள் காலை விட்டார். கோட்டைத் தவறான பொத்தானில் பூட்டிவிட்டுத் திரும்பினார்.

"இஞ்சையிருந்து ஃபூர்த்துக்கு எந்த றெயில் போகுது?"

"எஸ் ஒண்டு" என்றேன். "கடை ஏழு மணிக்குப் பூட்டுவினம் போலை. கெதியா நடவுங்கோ."

கூடப் போகலாம் என்று கிளம்பிய என் கையை அக்கா பிடித்து நிறுத்தினார். யன்னலால் பார்த்தோம். தூறலில் குடையில்லாமல், ஹார்பனைக் கோட்டுக்குள் செருகிக்கொண்டு, ரயில் நிலையத்தை நோக்கி அவர் தனியே போய்க்கொண்டிருந்தார்.

"அக்கா, அது என்ரை கார்ட்டிலை எடுத்த புத்தகம். பிந்தினால் தண்டம் எனக்குத்தான்."

"பிந்தட்டும்" என்றார் அக்கா.